கண்ணாடியில் தெரிவது யார்? ‘பெர்ஃபெக்ட் புளூ’ படமும் நோக்குநிலைப் பாடமும்



தொடங்கும்போதே இரண்டு விஷயத்தைச் சொல்லிவிடுகிறேன். ஒன்று, ‘பெர்ஃபெக்ட் புளூ’ அசைவூட்டப் படம்தான். ஆனால் சிறுவர் படம் இல்லை. கொலை, இரத்தம், பாலியல் வன்முறை எல்லாம் இதில் உண்டு. பதினெட்டு வயது நிரம்பாத மாணவர்கள் தேடிப் பார்க்க வேண்டாம். ஆசிரியர்களும் இதை வகுப்பில் திரையிட வேண்டாம், ஒரு துண்டுகூட வேண்டாம். படம் பார்க்காதவர்களும் பின்தொடரும்படி கதையைச் சொல்லிக்கொண்டே போகிறேன். இரண்டு, முடிவையும் சொல்லப் போகிறேன். முடிவைத் தொடாமல் இந்தப் படத்தைப் பற்றி உருப்படியாக எதுவும் பேச முடியாது.

பிறகு ஏன் இந்தப் படம்? நோக்குநிலையை நாம் எப்படிக் கற்பிக்கிறோம் என்று யோசித்துப் பாருங்கள். ஆசிரியர் நோக்குநிலை, பாத்திர நோக்குநிலை என்று வகை சொல்லிக்கொடுக்கிறோம். மாணவரும் “இக்கதை பாத்திர நோக்குநிலையில் அமைந்துள்ளது. இது வாசகரைக் கவர்கிறது” என்று எழுதிவிட்டு அடுத்த கேள்விக்குப் போய்விடுகிறார். அந்தப் பாத்திரத்தின் கண்ணை எவ்வளவு தூரம் நம்பலாம், அது பார்க்காமல் விட்டது என்ன என்ற இடத்துக்கு அவர் வருவதே இல்லை. கதையில் எழுதியிருந்தால் அது நடந்தது, அவ்வளவுதான். கொஞ்சம் சந்தேகப்பட்டுப் பாருங்கள் என்று சொன்னால் நேரே மறு எல்லைக்குப் போய்விடுவார்கள்: “அப்படின்னா எல்லாமே கனவா, டீச்சர்?” இந்த இரண்டு சோம்பலுக்கும் நடுவில் ஒரு வேலை இருக்கிறது. சான்றுகளை எடுத்து வைத்து, இது யார் கண்ணில் தெரிந்தது, இது உண்மையாக நடந்தது என்று பிரித்துப் பார்க்கிற வேலை. அந்த வேலையைப் பழக இதைவிட நல்ல படம் எனக்குத் தெரியாது.

படத்தை இயக்கியவர் சதோஷி கோன். 1963இல் பிறந்து 2010இல், 46 வயதில், கணையப் புற்றுநோயால் மறைந்தார். இதுதான் அவருடைய முதல் படம். யொஷிகாசு தகேயுச்சியின் நாவலை அடிப்படையாக வைத்து சதாயுகி முராய் திரைக்கதை எழுத, மேட்ஹவுஸ் நிறுவனம் தயாரித்தது. 1997இல் கனடாவின் மொன்றியல் நகரில் நடந்த ஃபேன்டேசியா திரைப்பட விழாவில் முதலில் திரையிடப்பட்டு, 1998 பிப்ரவரியில் ஜப்பானில் வெளிவந்தது. ஓடும் நேரம் 81 நிமிடம்தான். அதற்குள் இவ்வளவு அடைத்திருக்கிறார்களா என்று முதல் முறை பார்ப்பவருக்கு மூச்சு முட்டும்.

கதை இது. மிமா கிரிகோயே என்ற இளம்பெண் ‘சாம்’ என்ற மூவர் பாடகிக் குழுவில் ஒருத்தி. ஜப்பானில் இப்படிப்பட்டவர்களை ‘ஐடல்’ என்பார்கள். பாட்டும் ஆட்டமும் மட்டும் அவர்களுடைய தொழில் இல்லை. எப்போதும் தூய்மையாக, குழந்தைத்தனமாக, ரசிகனுக்கு மட்டுமே சொந்தமானவள்போல இருப்பதும் அந்தத் தொழிலில் சேர்த்தி. மிமா குழுவை விட்டு விலகி நடிகையாகிறாள். அவளுடைய நிறுவனத்தின் தலைவர் தடோகொரோவுக்கு அதில்தான் வருமானம் தெரிகிறது. மேலாளர் ரூமிக்கு அதில் விருப்பமே இல்லை. ரூமியும் ஒரு காலத்தில் ஐடலாக இருந்தவள். மிமாவுக்குக் கிடைக்கும் முதல் வேடம் ‘டபிள் பைண்ட்’ என்ற குற்றத் தொடரில். முதலில் அவளுக்கு ஒரே ஒரு வசனம்தான்: “நீங்கள் யார்?” அந்த ஒரு வரியை அவள் மறுபடி மறுபடி சொல்லிப் பார்த்துக்கொள்கிறாள். படத்தின் ஆதாரக் கேள்வியை ஓர் ஒத்திகை வரியாக நம் காதில் போட்டுவிட்டுப் போகிறார் கோன். அந்த நேரத்தில் நமக்கு அது தெரியாது.

பிறகு மிரட்டல்கள் வருகின்றன. தொலைநகலில் ‘துரோகி’ என்ற சொல் திரும்பத் திரும்ப அச்சாகி வருகிறது. ஒரு கடிதம் வெடித்து தடோகொரோ காயப்படுகிறார். ‘மிமாவின் அறை’ என்ற இணையப்பக்கம் ஒன்று இருப்பது தெரியவருகிறது. மிமாவுக்குக் கணினியே புதிது. ரூமிதான் வந்து சொல்லிக்கொடுக்கிறாள். திறந்து பார்த்தால் மிமாவே எழுதியதுபோல ஒரு நாட்குறிப்பு. ரயிலிலிருந்து எந்தக் காலை முதலில் எடுத்து வைத்தாள், கடையில் என்ன வாங்கினாள் என்பதுவரை அதில் இருக்கிறது. முதலில் மிமா சிரிக்கிறாள். அப்புறம் சிரிப்பு நின்றுவிடுகிறது. தொடரில் அவளுடைய வேடம் பெரிதாகிறது. கூடவே ஒரு வன்கொடுமைக் காட்சியிலும் நடிக்க வேண்டியிருக்கிறது. அதை எழுதிய வசனகர்த்தா கொல்லப்படுகிறார். அவளை ஆடையின்றிப் படமெடுத்த புகைப்படக் கலைஞர் கொல்லப்படுகிறார். ஐடல் உடையணிந்த இன்னொரு மிமா அவள் கண்ணில் படத் தொடங்குகிறாள். “நான்தான் உண்மையான மிமா” என்று சொல்லித் துள்ளித் துள்ளி ஓடுகிறாள். தன் அலமாரிக்குள் இரத்தக்கறை படிந்த துணியைப் பார்த்ததும் மிமாவுக்கே ஐயம் வந்துவிடுகிறது. கொலை செய்வது நான்தானோ?

இவ்வளவையும் கேட்டதும் நம் மாணவர்களில் பாதிப் பேர் எழுதப்போகும் முதல் வரி எனக்கு மனப்பாடம். ‘கண்ணால் காண்பதும் பொய், காதால் கேட்பதும் பொய், தீர விசாரிப்பதே மெய்.’ எழுதுங்கள், பொருத்தமான பழமொழிதான். ஆனால் முதல் இரண்டு பகுதியோடு நின்றுவிடுகிறோமே, அதுதான் என் குறை. மூன்றாவது பகுதி ‘விசாரிப்பது’. இந்தப் படத்தை விசாரிக்க முடியும். பார்வையாளரைக் குழப்பிவிட்டுக் கைதட்டல் வாங்குகிற படங்கள் நிறைய இருக்கின்றன. கோன் அந்த வகை இல்லை. அவர் விசாரணைக்கு வேண்டிய தடயங்களை வைத்துவிட்டுத்தான் குழப்புகிறார்.

தொடக்கக் காட்சியையே எடுத்துக்கொள்ளுங்கள். வண்ண உடையும் முகமூடியும் போட்ட சாகச வீரர்கள் சண்டை போடுகிறார்கள். தவறான படத்தைப் போட்டுவிட்டோமோ என்று தோன்றும். பிறகு பார்த்தால் அது ஒரு திறந்தவெளி மேடையில் குழந்தைகளுக்காக நடக்கும் நிகழ்ச்சி. அது முடிந்த பிறகு ‘சாம்’ குழு அதே மேடைக்கு வரும். படத்தின் விதி இங்கேயே சொல்லப்பட்டுவிட்டது: நீ பார்ப்பது சட்டகத்துக்குள் இருப்பதை மட்டும்தான், சட்டகத்தைக் கொஞ்சம் விரித்தால் அது வேறு ஒன்றாக இருக்கும். அடுத்து மேடையில் ஆடும் மிமாவும், ரயிலிலும் கடையிலும் சாதாரணப் பெண்ணாகப் போகும் மிமாவும் மாறி மாறி வருகிறார்கள். மேடையில் தொடங்கிய ஓர் அசைவு வீட்டில் வந்து முடிகிறது. இரண்டு காலம், இரண்டு இடம், ஒரே அசைவு. இதே வெட்டு முறைதான் பின்னால் நம்மைக் கவிழ்க்கப் போகிறது.

நடுப்பகுதியில் மிமா படுக்கையிலிருந்து எழுகிறாள். ஒரு காட்சி நடக்கிறது. மறுபடியும் படுக்கையிலிருந்து எழுகிறாள். அப்படியானால் முன்பு நடந்தது கனவா? ஒரு காட்சியில் மனநல மருத்துவர் அவளைப் பற்றிப் பேசுகிறார்: இந்தப் பெண் தன்னை மிமா என்ற நடிகை என்று நம்பிக்கொண்டிருக்கிறாள். நமக்குத் தூக்கிவாரிப் போடும். உடனே “கட்!” என்ற குரல் கேட்கிறது. அது ‘டபிள் பைண்ட்’ படப்பிடிப்பு. நடிகர்கள் நடிக்கும் இயல்பான படமாக இதை எடுத்திருந்தால் ஒளியோ ஒப்பனையோ எங்காவது காட்டிக்கொடுத்திருக்கும். கோடாலும் வண்ணத்தாலும் ஆன படத்தில் கனவுக்கும் நனவுக்கும் தொடருக்கும் ஒரே தூரிகை. ‘கார்ட்டூன்தானே’ என்று ஒதுக்குகிற பெரியவர்களுக்கு இந்த இடத்தைத்தான் நான் சொல்வேன். இந்தக் கதைக்கு அசைவூட்டம் அலங்காரமாக வரவில்லை, தேவையாக வந்திருக்கிறது.

சரி, தடயம் எங்கே என்று கேட்கிறீர்களா? கண்ணாடியில். இதைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டும்.

கண்ணாடிதான் உண்மையைக் காட்டும் என்று எழுதும் விமர்சனங்களைப் படித்திருக்கிறேன். அது பாதிதான் சரி. முதலில் ரயில் சன்னல். உள்ளே இருப்பவள் நடிகை மிமா, களைத்த முகம். சன்னல் கண்ணாடியில் தெரிபவள் ஐடல் உடை போட்ட மிமா. இங்கே நேரில் இருப்பது உண்மை, கண்ணாடியில் தெரிவது உண்மை இல்லை. அடுத்து இறுதித் துரத்தல். இரவு நேரத் தெருவில் மிமா உயிருக்குப் பயந்து ஓடுகிறாள். பின்னால் ஐடல் மிமா எடையே இல்லாததுபோல மிதந்து துள்ளி வருகிறாள். கடைக் கண்ணாடிகளைக் கடக்கும்போது அந்தப் பிம்பத்தைப் பாருங்கள். அங்கே மூச்சிரைக்க, கனத்த உடம்போடு, மிமாவின் உடையைத் தன்மேல் மாட்டிக்கொண்டு ஓடிவருவது ரூமி. இங்கே நேரில் தெரிவது பொய், கண்ணாடி சொல்வது உண்மை. கடைசியில் மருத்துவமனை. ரூமி சிகிச்சையில் இருக்கிறாள். நேரில் நாம் பார்ப்பது ரூமியை. கண்ணாடியில் தெரிவது ஐடல் மிமா. மறுபடி தலைகீழ்.

ஆக, கண்ணாடி எப்போதும் உண்மை பேசும் என்றும் சொல்ல முடியாது, எப்போதும் ஏமாற்றும் என்றும் சொல்ல முடியாது. இந்த மூன்று இடத்திலும் ஓர் ஒழுங்கு இருக்கிறது. சட்டகத்தில் ஒரு பாதி, கண்ணாடியில் மறு பாதி. ஒன்றில் உடம்பு இருந்தால் மற்றதில் நம்பிக்கை இருக்கும். இரண்டையும் சேர்த்துப் பார்ப்பவருக்குத்தான் முழுச் செய்தி கிடைக்கிறது. துரத்தல் காட்சியில் கோன் இரண்டையும் ஒரே ஷாட்டுக்குள் வைத்துவிடுகிறார். எதையும் மறைக்கவில்லை. நாம்தான் முன்னால் துள்ளுகிறவளையே பார்த்துக்கொண்டிருக்கிறோம்.

இரண்டாவது தடயம் மீன். மிமாவின் சிறிய வீட்டில் ஒரு மீன்தொட்டி. வன்கொடுமைக் காட்சியில் நடித்துவிட்டு வீடு திரும்புகிற இரவில், மீன்கள் செத்து மிதக்கின்றன. அதுவரை ‘பரவாயில்லை, நானாக ஒத்துக்கொண்டதுதானே’ என்று எல்லாரிடமும் சொல்லிக்கொண்டிருந்தவள் அப்போதுதான் உடைகிறாள். படத்தில் அவள் தன் மனத்தை முழுசாகத் திறக்கிற இடம் அது ஒன்றுதான், கேட்க ஆளே இல்லை. பிற்பாடு, படத்தின் கடைசிப் பகுதியில், பயங்கரமான ஒரு தாக்குதலிலிருந்து தப்பிய மிமாவை ரூமி ‘வீட்டுக்கு’ அழைத்துவருகிறாள். மிமா கண் விழிக்கிறாள். அதே அறை, அதே கட்டில். ஆனால் தான் எடுத்துவிட்ட ‘சாம்’ சுவரொட்டி சுவரில் இருக்கிறது. தொட்டியில் மீன்கள் நீந்துகின்றன. திரையை விலக்கினால் வெளியே தெரிவது தன் வீட்டுச் சன்னலில் தெரியும் காட்சி இல்லை. இது ரூமியின் வீடு. மிமாவின் அறையைப் பொருளுக்குப் பொருள் அப்படியே உருவாக்கி வைத்திருக்கிறாள். இணையப்பக்கத்தின் பெயர் ‘மிமாவின் அறை’ என்பதை இப்போது நினைத்துப் பாருங்கள். கொலைகளையும் செய்தது ரூமி. ரசிகன் ஒருவனுக்கு மிமாவின் பெயரில் மின்னஞ்சல் அனுப்பித் தூண்டியதும் அவளே.

அந்தச் செத்துப்போன மீன் நீந்துகிற இடத்தில்தான் ‘பித்து’ என்றால் என்ன என்பது எனக்குப் புரிகிறது. நாம் பித்து என்ற சொல்லைக் காதலுக்கும் பக்திக்கும் நல்ல பொருளில் பயன்படுத்திப் பழகியவர்கள். இந்தப் படத்தின் பித்து வேறு ஜாதி. ரூமியின் அறையில் நாட்கள் நகரவில்லை. மிமா எடுத்த முடிவு, சுவரிலிருந்து இறக்கிய படம், செத்த மீன், ஒன்றும் அங்கே நடக்கவில்லை. ஒருத்தியின் ஒரு நாளைப் பிடித்து நிறுத்தி வைத்துவிட்டு, அதற்குப் பிறகு வளர்ந்த அந்த ஆளை ‘போலி’ என்று அறிவிக்கிறது இந்தப் பித்து. மீ-மேனியா என்று தன்னை அழைத்துக்கொள்ளும் ரசிகனுக்கும் அதே நோய். தொடக்க நிகழ்ச்சியில் பாதுகாவலனாக நிற்கும் அவன், தன் உள்ளங்கையைக் கண்முன் நீட்டிப் பார்க்கிறான். தூரத்தில் ஆடும் மிமா அவன் கையில் ஆடும் சிறு பொம்மைபோலத் தெரிகிறாள். படத்தில் எனக்கு மிகவும் பிடித்த ஷாட் இதுதான். மிகவும் பயமுறுத்துவதும் இதுதான். அவன் இன்னும் ஒரு தவறும் செய்யவில்லை, கையைத்தான் நீட்டியிருக்கிறான்.

மாணவர்களே, ஒன்றைக் கவனியுங்கள். மிமாவின் கண் ஏன் கலங்குகிறது? பலர் ‘மிமா மனநோயாளி’ என்று எழுதி முடித்துவிடுகிறார்கள். படம் அப்படிச் சொல்லவில்லை. அவளுக்கு ஆடை தேர்ந்தெடுப்பது நிறுவனம். அவள் வேடத்தை எழுதுவது வசனகர்த்தா. அவள் நாட்குறிப்பை எழுதுவது யாரோ. அந்த நாட்குறிப்பு அவளைவிட நன்றாக அவளைப் போலவே பேசுகிறது. தன் பெயரில் எல்லாரும் எழுதிக்கொண்டிருக்கும்போது, நேற்று நான் எங்கே போனேன் என்பதை அவளே அந்தப் பக்கத்தைத் திறந்து சரிபார்க்கிற நிலைக்கு வந்துவிடுகிறாள். நம்பகமற்ற பார்வை இங்கே ஒருத்தியின் மூளையில் பிறக்கவில்லை, சுற்றி இருப்பவர்கள் சேர்ந்து உண்டாக்குகிறார்கள். ‘பாத்திரப் படைப்பு’ என்று எழுதும்போது இந்தக் காரணத்தைத் தொடாமல் போனால், பாதி விடை போய்விட்டது.

இது 1997ஆம் ஆண்டுப் படம் என்பதை மறந்துவிடக்கூடாது. அப்போது ஜப்பானில் ஒருவரைத் தொடர்ந்து பின்தொடர்ந்து தொல்லை கொடுப்பதற்கு எதிராகத் தனிச் சட்டமே இல்லை. 2000இல்தான் வந்தது. 2013இல் ஏகேபி48 என்ற புகழ்பெற்ற பாடகிக் குழுவின் உறுப்பினர் ஒருவர், ஓர் ஆணோடு இரவைக் கழித்தார் என்று வார இதழில் செய்தி வந்ததற்காகத் தலையை மழித்துக்கொண்டு, அழுதபடி காணொளியில் மன்னிப்புக் கேட்டார். 2016 மே மாதம் தோக்கியோவின் கொகனெய் நகரில், நிகழ்ச்சிக்கு வந்த இளம் பாடகி ஒருவரை ரசிகன் ஒருவன் கத்தியால் பலமுறை குத்தினான். அவர் உயிர் பிழைத்தார். அதற்கு முன் அவன் சமூக ஊடகத்தில் தொடர்ந்து செய்தி அனுப்பிக்கொண்டிருந்தான். அந்த ஆண்டின் இறுதியில் சட்டம் திருத்தப்பட்டு, சமூக ஊடகத் தொல்லைகளும் அதற்குள் கொண்டுவரப்பட்டன. கோன் எதிர்காலத்தைக் கணித்துவிட்டார் என்று புகழ்வார்கள். கண்முன்னால் இருந்ததை அவர் உற்றுப் பார்த்தார் என்றுதான் நான் சொல்வேன். போலிக் கணக்கு என்றால் என்ன என்று நம் படிவம் ஒன்று பிள்ளைகளுக்கே தெரியும். ‘மிமாவின் அறை’யை அவர்களுக்கு விளக்க ஒரு நிமிடம்கூட ஆகாது.

படத்தில் எனக்கு ஒப்புதல் இல்லாத இடங்களும் இருக்கின்றன. ஆளைத் தோற்றத்தை வைத்து எடைபோடும் ஒரு தொழிலைக் கண்டிக்கிற படம், தன்னுடைய குற்றவாளிகளைத் தோற்றத்தை வைத்தே பயமுறுத்துகிறது. மீ-மேனியாவின் முகத்தை அவ்வளவு விகாரமாக வரைந்தது ஏன்? பார்த்தால் பக்கத்து வீட்டுப் பையன் மாதிரி இருந்திருந்தால் அந்த உள்ளங்கைக் காட்சி இன்னும் குத்தியிருக்கும். ரூமி விஷயம் இன்னும் மோசம். இறுகிய ஐடல் உடைக்குள் பருத்த நடுவயதுப் பெண் என்பதையே திகிலாக்குகிறார்கள். ஒரு காலத்தில் அவளும் மேடையில் நின்றவள். அதே தொழில் அவளைப் பயன்படுத்தி முடித்துவிட்டு அலுவலக மேசைக்கு அனுப்பியது. அந்த வலியைப் படம் ஒரு பேச்சோடு தாண்டிப் போகிறது. படத்தின் உண்மையான துயரக் கதை ரூமியுடையது என்று நினைக்கிறேன். அதை எழுத ஆள் இல்லை.

வன்கொடுமைக் காட்சியைப் பற்றி ஆசிரியர்களுக்கு ஒரு வார்த்தை. அது தொடருக்கான நடிப்பு என்று நமக்குத் தெரியும். இடையில் இயக்குநர் நிறுத்தும்போது, உடன் நடிப்பவர் மிமாவிடம் மெதுவாக மன்னிப்புக் கேட்கிறார். அந்த ஒரு நொடி அருமையான எழுத்து. ஒளிப்பதிவு மறுபடி தொடங்குகிறது. நடிப்பு என்று தெரிந்தும் நமக்கு நடிப்பாகத் தெரியவில்லை. இதில் கோனின் நோக்கம் எனக்குப் புரிகிறது. ஆனால் காட்சி தேவைக்கு மேல் நீள்கிறது. பார்ப்பவனின் கண்ணைக் குற்றம் சொல்லிக்கொண்டே அந்தக் கண்ணுக்குத் தீனியும் போடுகிறது. படத்தைப் புகழ்பவர்கள் பெரும்பாலும் இதை விழுங்கிவிடுகிறார்கள். திறனாய்வு எழுதும்போது விழுங்கக்கூடாது.

இப்போது எழுதுகிற வேலைக்கு வருவோம். நோக்குநிலை பற்றிக் கேட்டால் ‘மிமாவின் நோக்குநிலையில் சொல்லப்பட்டுள்ளதால் எது உண்மை எது கனவு என்று தெரியாமல் பார்வையாளர் குழம்புகின்றனர்’ என்பது ஒரு வாக்கியம். தவறு இல்லை, ஆனால் படம் பார்க்காதவரும் எழுதிவிடலாம். இதையே இப்படி எழுதிப் பாருங்கள்: ‘துரத்தல் காட்சியில் நேர்ப்படத்தில் ஐடல் மிமாவும் கடைக் கண்ணாடியில் ரூமியும் தெரிகின்றனர். நேர்ப்படம் பித்துப் பிடித்தவளின் நம்பிக்கையையும், பிம்பம் அவளுடைய உடலையும் காட்டுவதால், பார்வையாளர் மிமாவின் அச்சத்தை உணரும்போதே அதன் காரணத்தையும் அறிந்துகொள்கின்றனர்.’ யார் கண், என்ன சான்று, அதனால் என்ன விளைவு என்ற மூன்றும் இரண்டு வாக்கியத்துக்குள் வந்துவிட்டன. நீங்கள் படிக்கும் பாடநூல் சிறுகதைக்கும் நாவலுக்கும் இதையே செய்யலாம். கதைசொல்லி ஒன்றைச் சொல்லும்போது, அதே பக்கத்தில் அவர் சொல்லுக்கு ஒத்துவராத ஒரு பொருள் எங்காவது கிடக்கிறதா என்று தேடுங்கள். அந்தப் பொருள்தான் உங்கள் மீன்தொட்டி.

ஆசிரியர்கள் வெண்பலகையில் ஒரு கடைக் கண்ணாடியை வரைந்து, துரத்தல் காட்சியை வாயால் சொன்னாலே போதும். நேரில் யார், கண்ணாடியில் யார் என்று கேளுங்கள், வகுப்பு தானாகச் சூடு பிடிக்கும். படமே காட்ட வேண்டும் என்றால் கோனின் அடுத்த படமான ‘மில்லேனியம் ஆக்ட்ரஸ்’ (2001) இருக்கிறது. முதலில் நீங்கள் ஒருமுறை பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள். சியோகோ என்ற முதிய நடிகை தன் வாழ்க்கையைச் சொல்லச் சொல்ல, அவள் நினைவும் அவள் நடித்த படங்களும் ஒன்றோடொன்று கலக்கின்றன. பேட்டி எடுக்க வந்தவரே அந்த நினைவுக்குள் நுழைந்து ஓடுகிறார். அங்கேயும் ஒரு பித்து உண்டு. இளமையில் ஒரே ஒருமுறை சந்தித்த ஓவியனை வாழ்நாள் முழுக்கத் தேடுகிறாள். ஆனால் அவள் அவனைத் தன் கற்பனைக்கு ஏற்றபடி வெட்டி ஒட்டப் பார்ப்பதில்லை, ஓடிக்கொண்டே இருக்கிறாள். அதே வெட்டு முறை ‘பெர்ஃபெக்ட் புளூ’வில் மூச்சைப் பிடிக்கும், இங்கே மனத்தை இளக்கும். இரண்டையும் ஒப்பிட்டு ஒரு கட்டுரை எழுதச் சொல்லலாம், பல்கலைக்கழகம் போன பிறகு.

கடைசிக் காட்சிக்கு வருகிறேன். துரத்தலின் முடிவில் ரூமி காயப்பட்டுச் சாலையில் நிற்கிறாள். எதிரே வரும் லாரியின் விளக்கு அவள் கண்ணுக்கு மேடை விளக்காகத் தெரிகிறது. சிரித்துக்கொண்டே அதை நோக்கித் திரும்புகிறாள். மிமா பாய்ந்து அவளைத் தள்ளிக் காப்பாற்றுகிறாள். சற்று முன்புவரை தன்னைக் கொல்ல வந்தவளை. இந்தச் செயலைப் பற்றி யாரும் அதிகம் பேசுவதில்லை. படம் முழுக்க மற்றவர்கள் எழுதிக்கொடுத்ததையே செய்துவந்த மிமா, யாரும் எழுதித் தராமல் செய்கிற பெரிய காரியம் இது. உண்மையான மிமா யார் என்ற கேள்விக்கு என் விடையை நான் இங்கிருந்துதான் எடுக்கிறேன்.

காலம் கடக்கிறது. மிமா இப்போது புகழ்பெற்ற நடிகை. மருத்துவமனையில் ரூமியைப் பார்த்துவிட்டு வெளியே வருகிறாள். தாதியர் இருவர் கிசுகிசுக்கிறார்கள்: அது மிமாதானே? சே, அவள் இங்கே எதற்கு வரப்போகிறாள், அவளைப் போலவே இருக்கிற வேறு யாரோ. மிமா காரில் ஏறி, கறுப்புக் கண்ணாடியைக் கழற்றி, நான் உண்மையானவள்தான் என்கிறாள், சிரித்தபடி. அந்த முகம் நமக்குத் தெரிவது காரின் பின்பார்வைக் கண்ணாடிக்குள்.

இதுவரை ஒரு பாதி சட்டகத்தில், மறு பாதி கண்ணாடியில் என்று பழகிவிட்டோம். இங்கே கண்ணாடி மட்டும்தான் இருக்கிறது, நேரில் இருக்கும் மிமாவை நமக்குக் காட்டவில்லை. அதனால்தான் மகிழ்ச்சியான அந்த வரி நம்மைக் கொஞ்சம் நெளிய வைக்கிறது. அவள் ரூமியாகிவிட்டாள், இதுவும் மாயை என்றெல்லாம் கோட்பாடு கட்டுபவர்கள் இருக்கிறார்கள். சாலையில் அவள் பாய்ந்ததை அவர்கள் கணக்கில் எடுப்பதில்லை. அவள் உண்மையான மிமாதான் என்பதில் எனக்கு ஐயமில்லை. உறுத்துவது வேறு: தாதியர் இருவர் அவள் காதுபட அவளை வேறு யாரோ என்று முடிவு செய்துவிட்டார்கள், அவளும் அவர்களிடம் திரும்பிப் போய்ச் சொல்லவில்லை, காருக்குள் தனியாக உட்கார்ந்து கண்ணாடியிடம் சொல்கிறாள்.